கயிற்றின் மறுமுனை

பெரியவளுக்கு,

உன் கல்யாணத்துக்கு வராத அப்பா எழுதுகிறேன். இரண்டு வருஷத்தில் இதுதான் முதல் கடிதம். நானும் அம்மாவும் சுகம். அங்கே நீங்கள் இருவரும் சுகமாக இருக்க வேண்டும்.

தீவுக்கு டவர் வந்துவிட்டது. அம்மா உன்னோடு போனில் பேசுவது அடுத்த தெருவுக்கே கேட்கிறது. எனக்கு அது சரிப்படாது. விரைவுப் படகும் வந்திருக்கிறது. அக்கரையிலிருந்து நாற்பதே நிமிஷம். அதன் இன்ஜின் மக்கர் செய்தால், படித்த மெக்கானிக்குகள் புத்தகத்தைப் புரட்டிவிட்டுக் கடைசியில் என் பட்டறைக்குத்தான் வருகிறார்கள். நன்றி என்று ஒரு வார்த்தை கிடையாது. போகட்டும்.

போன வாரம் தீவின் அன்றாட வாழ்க்கையைப் படம் பிடிக்க நாலு பேர் வந்தார்கள். வந்ததும் நம் ஃபிரிட்ஜைப் போர்வையால் மூடச் சொன்னார்கள். என்னைத் துடுப்புப் போடச் சொன்னார்கள். “தம்பி, துடுப்புப் போட்டவர் எங்கப்பா. அவர் போய்ச் சேர்ந்து இருபது வருஷமாச்சு. என்னை எடுக்கணும்னா இன்ஜினோட எடு” என்றேன். கெஞ்சிப் பார்த்தார்கள். நான் அசையவில்லை.

உன் அம்மா ஒப்புக்கொண்டாள். வீட்டுக்குள் குழாய் இருக்க, குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு கிணற்றடிக்கு நடந்தாள். பக்கத்து வீட்டுத் தையல்காரி விடுவாளா? “என்னக்கா, குழாய் கோவிச்சுக்கிச்சா?” என்றாள். இவளுக்குச் சிரிப்பு அடங்காமல் ஐந்து முறை நடக்க வேண்டியதாயிற்று.

அவளுக்குத் தோள்வலி. உன்னிடம் சொல்லியிருக்க மாட்டாள். வாளி பாதிக் கிணற்றிலேயே நின்றுவிட்டது. வேண்டாம், விடு என்றேன். “பொண்ணு பார்ப்பா. அம்மா தெம்பா இருக்கான்னு தெரியட்டுமே” என்றாள். வேறு வழி? கயிற்றின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டு சுவருக்குப் பின்னால் உட்கார்ந்து நான் இழுத்தேன். படத்தில் அவள் குமரிபோல் தண்ணீர் இறைப்பாள். நம்பிவிடாதே. ஒருமுறை வேகமாக இழுத்துவிட்டேன். முழு வாளியும் அவள் மேல் கொட்டியது. அதையும் எடுத்துவிட்டார்கள். அவளுக்கு ஒரே சந்தோஷம்.

என்னைக் கேட்காமல் நீ முடிவெடுத்தது தப்புதான். அந்த எண்ணத்தில் எனக்கு இன்றும் மாற்றமில்லை.

காலைப் படகு பத்தரைக்கு வந்து சேர்கிறது. அந்த நேரத்தில் எனக்குத் தினமும் படகுத்துறையில்தான் வேலை. மாப்பிள்ளைக்குக் கடல் ஒத்துக்கொள்ளாது என்று அம்மா சொன்னாள். பின்பக்கம், இன்ஜினை ஒட்டி உட்காரச் சொல். அங்கே ஆட்டம் குறைவு.

நல்லா இருங்க, ரெண்டு பேரும்.

அப்பா