ஜும்ஆவுக்குப் போகும் கால்

அன்புள்ள நானாவுக்கு, ஸலாம்.

மாத்தளை வாழ் மக்களுக்கு இத்தால் அறிவிப்பது: நம் வீட்டுச் சேவல் இன்று காலை என் புதுக் காலைக் கொத்திப் பார்த்து, அலகு நொந்து, தோல்வியை ஒப்புக்கொண்டது.

மோட்டார் சைக்கிள் விபத்தோடு நான் முடங்கிவிடுவேன் என்று பயந்தீர்களே, இந்தச் செயற்கைக் காலில் கரண்டியால் தாளம் போட்டுப் பக்கத்து வீட்டு முனாஸையே ஆட வைத்தேன். "அல்லாஹ் தந்த காலாலயே உன் சேட்டை தாங்கல, டொக்டர் தந்த காலால என்ன செய்யப் போறியோ!" என்று உம்மா ஏசினார்.

அடுத்த கிழமை லீவில் வந்ததும் ஜும்ஆத் தொழுகைக்கு ஒன்றாகப் போவோம் என்றீர்கள். வாராவாரம் போகிறேன் என்று நானும் ஃபோனில் அளந்துவிட்டேன்.

பள்ளிவாசலில் ஹவுழ்த் தண்ணீர்த்தொட்டியைச் சுற்றிக் குந்தி எல்லோரும் தொழுகைக்காகக் கை கால் கழுவி வுழூ செய்யும்போது, நான் ஒரு காலை மட்டும் கழுவினால் பேச்சு அப்படியே நின்றுவிடும். ஸமத் மாமா, "பாவம், நல்லா ஓடித்திரிஞ்ச புள்ள" என்பார்.

நானா, நான் இன்னும் பள்ளி கேட்டைத் தாண்டவில்லை. ஒவ்வொரு வெள்ளியும் அதுவரை போய்த் திரும்பிவிடுகிறேன். நீங்கள் வந்ததும் ஸமத் மாமாவுக்கும் எனக்கும் நடுவில் குந்துங்கள். என் காலைப் பார்க்காமல் உங்கள் காலைக் கழுவுங்கள்.

இப்படிக்கு,
வாய் மட்டும் ஓடுகிற உங்கள் தம்பி