கட்டைவிரல் பாட்டுக்காரனுக்கு

என்னைக் கேலி பண்ணியே நாலு ஜில்லாவில் பேர் வாங்கிய என் அன்பு மச்சான் செல்லமுத்துவுக்கு,

இங்கே எல்லோரும் சௌக்கியம். உன் வீட்டுக்காரி ராசம்மா அக்கா இன்னும் அரியூர் நாட்டில், உங்கள் ஊர் வீட்டில்தான் இருக்கிறது. செம்மேட்டுக்கு எங்களோடு வந்துவிடச் சொன்னால் கேட்பதில்லை. உன் தங்கச்சி வெள்ளையம்மாவுக்கு முழங்கால் வலி, மற்றபடி குறையில்லை. இருபத்தைந்து வருஷத்துக்கு மேல் என்னோடு குடும்பம் நடத்தியவளுக்கு முழங்கால் மட்டும்தான் வலிக்கிறது என்றால் ஆச்சரியம்தான் என்று நீ சொல்லியிருப்பாய். மழை பரவாயில்லை. மிளகுக் கொடி நன்றாகப் பிடித்திருக்கிறது.

நீ போய் இந்த மார்கழி வந்தால் ரெண்டு வருஷம். நான் கடிதம் எழுதிப் பழக்கமில்லாதவன். மூட்டை மேல் மார்க்குப் போடுவதுதான் எனக்குத் தெரிந்த எழுத்து. ஆனால் ஆடியில் ஒன்று நடந்தது. அதை உன்னிடம் சொல்லாமல் எனக்குத் தொண்டையில் சோறு இறங்கவில்லை. கூட இருந்து படிப்பவர்களும் படித்துக்கொள்ளட்டும். உன் பாட்டு அவர்களுக்கும் தெரியும். அதற்குள் இருக்கிற ஆளையும் தெரிந்துகொள்ளட்டும்.

முதலில் அவர்களுக்காக ஒரு வார்த்தை. நம் பக்கத்துக் கல்யாணத்தில் பெண் வீட்டார் மாப்பிள்ளையைக் கேலி பண்ணிப் பாடுவார்கள். மாப்பிள்ளை கோபித்துக்கொள்ளக் கூடாது. நான் அப்போது வீடு வீடாகப் போய் மிளகு வாங்கி, தலைச்சுமையாக இறக்கி, அடிவாரத்தில் விற்றுக்கொண்டிருந்தவன். நீ வாழைத்தார் லாரிக்கு லோடு ஏற்றிக்கொண்டிருந்தவன். உன் தங்கச்சிக்குத் தாலி கட்டிவிட்டு நான் நிமிர்வதற்குள் மைக்கைப் பிடித்துவிட்டாய்.

மொளகு வாங்க வந்தாரு பொன்னுசாமி – எங்க
மொகத்தப் பாத்து எடைபோட்டாரு பொன்னுசாமி
தட்டுல பாதி எடக்கல்லுங்க – மீதி
கட்டவெரலோட பாரமுங்க!

பந்தலே சிரித்தது. பக்கத்தில் உட்கார்ந்திருந்த உன் தங்கச்சியும் மாலைக்குள் முகத்தை ஒளித்துக்கொண்டு சிரித்தாள். அதோடு போயிருந்தால் பரவாயில்லை. மைக்செட்காரர் அதை டேப்பில் பிடித்துவிட்டார். அந்தக் கேசட் மலைக்கு வருகிற பஸ்ஸில் ஓடியது, அடிவாரத்து டீக்கடையில் ஓடியது, ராசிபுரம் போனது, சேலம் போனது. புது மாப்பிள்ளையாக நான் மிளகு வாங்கப் போகிற ஊரிலெல்லாம் என் கையைத்தான் பார்த்தார்கள். "ஏனுங்க, வெரலு சௌக்கியமுங்களா?" என்று முகத்துக்கு நேரே கேட்டார்கள்.

நான் உன்னிடம் சண்டைக்கு வந்தது ஞாபகம் இருக்கிறதா? நீ லாரி மேல் நின்றுகொண்டிருந்தாய்.

"மச்சான், பாட்டுல பேர மாத்து. என்ற பொழப்புல மண்ணப் போடாத."

"ஏனுங்க மாப்ள, ஜில்லா பூராவும் உம் பேரச் சொல்லிக் கத்தறேன். தொண்ட எனக்கு, வெளம்பரம் உனக்கு. நாயப்படி நீதான் எனக்குக் கூலி குடுக்கோணும்."

"வெளம்பரமா? திருடன்னு சொல்ற!"

"திருடன்னா வெரல மறைப்பான். நீ காட்டு."

கீழே நின்றவர்கள் எல்லோரும் சிரித்தார்கள். நான் கோபமாகத்தான் திரும்பினேன். ஆனால் வியாபாரி கோபத்தை ரொம்ப தூரம் சுமக்க மாட்டான், சுமை கூலி கட்டாது. அடுத்த வாரச் சந்தையில் தராசைத் தொங்கவிட்டு, ஒரு தட்டில் எடைக்கல்லை வைத்து, மறு தட்டில் மிளகை அவர்களையே கொட்டச் சொல்லிவிட்டு, ரெண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றேன். முள் நின்ற பிறகுதான் கையை எடுப்பேன். அதைப் பார்க்கவே கூட்டம் கூடியது. பார்க்க வந்தவர்கள் மிளகையும் கொண்டுவந்தார்கள். இன்று செம்மேட்டில் எனக்குக் கடை இருக்கிறது, குடோன் இருக்கிறது, எடை போடுவது மிஷின். இன்னும் பின்னால் கை கட்டித்தான் நிற்கிறேன். உழைப்பு என்னுடையது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் என் கடைக்குப் போர்டு எழுதியவன் நீ.

நீயும் லாரியை விட்டு இறங்கினாய். பம்பை, உறுமி, ஒரு கீபோர்டு என்று குழு வைத்தாய். கோயில் விழா, கட்சி மேடை, திருப்பூரில் பனியன் கம்பெனிக்காரர்கள் வைத்த பொங்கல் விழா என்று சுற்றினாய். ஒத்துக்கொண்ட ஊருக்கு நீ போகாமல் இருந்ததில்லை. நேரத்துக்குப் போனதும் இல்லை. டிவியில் கூப்பிட்டார்கள். மலைக்காரன் என்று காட்ட வேண்டும், இடுப்பில் இலை தழை கட்டிக்கொண்டு பாடுங்கள் என்றார்களாம். நீ என்ன சொன்னாய் என்பதை உன் பம்பைக்காரர் இன்றைக்கும் சொல்லிச் சிரிக்கிறார். "எங்க ஊர்ல எலை தழை கட்டறது வாழத்தார் லாரிக்குத்தானுங்க. நானு சட்ட போட்டுக்கறன்." சட்டை போட்டுத்தான் பாடினாய். அதையும் கட்டைவிரல் பாட்டில்தான் ஆரம்பித்தாய். டிவியில் என் பேர் வந்த அன்று உன் தங்கச்சி தெருவுக்கே காப்பி போட்டுக் கொடுத்தாள்.

அந்த மார்கழி விடியற்காலையை நான் நீட்டி எழுதப்போவதில்லை. நிகழ்ச்சி முடிந்து வந்து அடிவாரத்துக் காளப்பநாயக்கன்பட்டியில் எல்லோரோடும் டீ குடித்தாய். வேனில் ஏறி ஜன்னலோரம் சாய்ந்தாய். ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவுக்கும் உன் தலை அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் சாய்ந்ததாம். தூங்குகிறாய் என்று நினைத்துச் சத்தம் போடாமல் வந்திருக்கிறார்கள். செம்மேட்டில் வந்து எழுப்பினார்கள்.

எந்த வளைவில் போனாய் மச்சான்? அந்த ரோட்டில் போகும்போதெல்லாம் கேட்டுக்கொள்கிறேன்.

இனி உனக்குத் தெரியாத சேதி. நீ போன பிறகு குழு கலையவில்லை. உன் மகள் பூங்கொடி எடுத்து நடத்தினாள். உன்னோடு மேடையில் பின்பாட்டுப் பாடினவள் முன்னால் வந்து நின்றாள். குரல் உன்னுடையதை விடச் சுத்தம். இதை நீ இருக்கும்போதே சொல்லியிருப்பேன், உனக்குத் தலைக்கனம் குறைந்திருக்கும். கட்டைவிரல் பாட்டையும் பாடினாள். அத்தை புருஷனைக் கேலி பண்ண அவளுக்கு முறை இருந்தது. "பொன்னுசாமி" என்று இழுத்துப் பாடினாள், நானும் கேட்டுச் சிரித்தேன்.

போன வைகாசியில் நீ பேசி வைத்தபடியே என் மகன் குமரேசனுக்கு அவளைக் கட்டினோம். உன் பங்குக்கு ராசம்மா அக்காவின் தம்பிதான் நின்று நடத்தினார். எல்லாம் குறைவில்லாமல் நடந்தது. மாப்பிள்ளையைக் கேலி பண்ணிப் பாடத்தான் யாரும் மைக்கை எடுக்கவில்லை. உன் இடத்தில் நின்று பாட ஆளுக்கு ஆள் கூச்சப்பட்டார்கள். என் மகன் கேலி இல்லாமலே தாலி கட்டினான்.

சிக்கல் அதற்கப்புறம்தான் வந்தது. அதுவரைக்கும் மாமாவாக இருந்த நான் மாமனார் ஆகிவிட்டேன். மாமனார் பேரை மருமகள் வாயால் சொல்வது நம் பக்கம் இல்லை. அதுவும் மேடையில், மைக் வைத்து, திருடன் என்று! கல்யாணத்துக்குப் பிறகு முதல் நிகழ்ச்சி சேந்தமங்கலத்தில். பாட்டு ஆரம்பித்தது, ஜனம் நிமிர்ந்து உட்கார்ந்தது, என் பேர் வரவேண்டிய இடத்தில் "வியாபாரி" என்று பாடினாள். அடுத்த அடியில் "அந்த அண்ணாச்சி" என்றாள். உப்பில்லாத கூழ் மாதிரி இருந்தது. ஒருத்தரும் சிரிக்கவில்லை. அடுத்த ஊரிலும் அப்படியே. கூப்பிடுகிறவர்கள் குறைந்தார்கள். "அப்பன் பாட்ட மக முழுங்கிப்புடுதுங்க" என்று ஒரு விழாக்காரர் என்னிடமே சொன்னார்.

ஆடி விழாவுக்குச் செம்மேட்டு மேடையில் பாட ஒத்துக்கொண்டிருந்தாள். அதற்கு முந்தின வாரம் சமையலறையில் வைத்து மெதுவாகச் சொன்னாள்.

"மாமா, இந்த மேடையோட நிறுத்திக்கறேன். குழுவ அவிங்களே பாத்துக்கட்டும்."

டம்ளரைக் கீழே வைத்தேன். "எதுக்கு கண்ணு? ஒரு பேரு, சொல்லிட்டுப் போயேன். நாந்தான் சொல்றேனல்ல?"

"நீங்க சொல்லுவீங்க. வாய் வரைக்கும் வருதுங்க மாமா, அங்க வந்து நிக்குது. அம்மா வேற, 'மாமனாரப் பேரு சொல்லிக் கூப்புடறா பாரு, வளத்தவ லட்சணம்'னு தன்னத்தான் ஊரு பேசும்ங்குது."

"அப்பன்னா வேற பேரப் போடு. கந்தசாமின்னு போடு."

பக்கத்தில் காப்பி குடித்துக்கொண்டிருந்த பம்பைக்காரர் பதறிவிட்டார். "ஏனுங்க, பஸ் ஸ்டாண்டுல கந்தசாமின்னு ஒருத்தரு மளிகக்கட வெச்சிருக்காருங்க. மேட மேலயே ஏறி அடிப்பாரு."

எல்லோரும் சிரித்தோம். அவள் சிரிக்கவில்லை. நானும் உள்ளுக்குள் சிரிக்கவில்லை. என் பேரை வைத்து ஆரம்பித்த ஒரு பொழைப்பு, என் மருமகளாக வந்த காரணத்தாலேயே முடியப் போகிறது. எத்தனையோ பேரத்தைப் பேசி முடித்தவன், இதற்கு வழி தெரியாமல் நின்றேன். முறையிடம் பேரம் பேச முடியாதே மச்சான்.

விழா அன்று உன் தங்கச்சியும் ராசம்மா அக்காவும் நடுவில் உட்கார்ந்தார்கள். என்னை முதல் வரிசையில் உட்கார வைத்துவிட்டார்கள். எழுந்து போய்விடலாமா, நான் இல்லாவிட்டால் அவள் வாய் திறக்குமா என்று கூட யோசித்தேன். பூங்கொடி வந்தாள். உன் பாட்டின் மெட்டைத்தான் உறுமி பிடித்தது. அவள் தலையைக் குனிந்து எனக்கு ஒரு கும்பிடு போட்டாள். பிறகு எடுத்தாளே ஒரு எடுப்பு.

பொங்கல் வெச்சுப் போட்டேனுங்க – எங்க மாமனாரு
பொறுக்கி எடுத்துக் கடிச்சாருங்க
ஈரம் கொஞ்சம் இருக்குதின்னு – சோத்துக்கே
வெலையக் கொறைக்கப் பாத்தாருங்க!

மிளகு காய்ந்திருக்கிறதா என்று நாங்கள் கடித்துத்தான் பார்ப்போம், ஈரம் என்று சொல்லித்தான் விலையை இறக்குவோம். அது மலை முழுக்கத் தெரிந்த விஷயம். அதை என் வீட்டுத் தட்டில் கொண்டுவந்து வைத்துவிட்டாள். ஜனத்துக்கு அரை நொடி ஆனது. பிறகு மைதானமே வெடித்தது. அவள் விடவில்லை.

ஊட்டுக்குள்ள லைட்டுங்க – எங்க மாமனாரு
உள்ள வந்தா இருட்டுங்க
நெலாவுக்கும் சுச்சு எங்கன்னு – வாசல்ல
நித்தம் தேடறாருங்க!

"யாரு? யாரு?" என்று பம்பைக்காரர் கேட்டார். அவள் வாயை முந்தானையால் பொத்திக்கொண்டாள். பின்னாலிருந்து ஒரு குரல் "பொன்னுசாமி!" என்றது. அப்புறம் ஊரே சொன்னது. மருமகள் பேர் சொல்லக் கூடாது என்றுதானே வழக்கம்? வீட்டில் நடப்பதைச் சொல்லக் கூடாது என்று எவனும் வழக்கம் வைக்கவில்லை. உனக்குத் தெரிந்தது சந்தையில் நிற்கிற பொன்னுசாமியை. அவள் பாடினது வீட்டுக்குள் இருக்கிற பொன்னுசாமியை. அது உன்னால் முடிந்திருக்காது மச்சான். சரக்கு அவளுடையது.

திரும்பிப் பார்த்தேன். உன் தங்கச்சி கண்ணில் நீர் வரச் சிரித்துக்கொண்டிருந்தாள், லைட் விஷயத்தை எடுத்துக் கொடுத்ததே அவள்தான் என்று பிற்பாடு தெரிந்தது. ராசம்மா அக்கா சிரித்தபடியே அழுதது. ஊர் பேசும் என்று பயந்த அக்காவிடம் பக்கத்திலிருந்த பொம்பளைகள், "அப்பன உரிச்சு வெச்சிருக்குது" என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

இறங்கி வந்து என் முன்னால் நின்றாள். முகத்தில் அத்தனை பயம்.

"கோவமுங்களா மாமா?"

"ஒரு பொய் இருக்குது கண்ணு."

"என்னங்க?"

"மொளகு ஈரமில்ல. பழசு. வாங்கும்போது நீயும் கடிச்சுப் பாக்கோணும்."

அவள் சிரித்தாள். நிறுத்திக்கொள்ளும் பேச்சு அதோடு போனது. இப்போது மாதம் முழுக்க நிகழ்ச்சி.

உன்னிடம் மறைக்க என்ன இருக்கிறது? நீ போன பிறகு என்னை ஒருத்தரும் கேலி பண்ணவில்லை. கடைக்கு வருகிறவர்கள் ஐயா என்கிறார்கள், வியாபாரிகள் சங்கத்தில் தலைவர் என்கிறார்கள், மகன் எதிரே உட்காருவதில்லை. மரியாதை குறைவில்லை. ஆனால் வெறும் மரியாதையை வைத்துக்கொண்டு ஒரு மனுஷன் எத்தனை நாள் ஓட்டுவது? முகத்துக்கு நேரே சிரிக்க ஒரு ஆள் வேண்டியிருக்கிறது. அன்றைக்கு முதல் வரிசையில் உட்கார்ந்து, ஊரே என்னைப் பார்த்துச் சிரிக்கும்போது, எனக்கு வயிறு நிறைந்தது.

இன்னொரு நல்ல சேதி. பூங்கொடி முழுகாமல் இருக்கிறாள். இப்போதே ஆளாளுக்கு ஆரம்பித்துவிட்டார்கள், இனிமேல் எதற்குப் பாட்டு, பிள்ளையை யார் பார்ப்பது என்று. என்னிடமும் வந்து, பெரியவர் நீங்கள் சொன்னால் கேட்பாள் என்கிறார்கள். நான் சொல்லவேண்டியதை உன்னிடம் சொல்லிவிடுகிறேன், நீதான் சாட்சி. உடம்பு எப்போது ஓய்வு கேட்கிறது, எப்போது மேடை கேட்கிறது என்பது அவள் முடிவு. அவள் திரும்ப மேடை ஏறுகிற அன்று வேனில் நானும் வருவேன். கடையைக் குமரேசன் பார்த்துக்கொள்ளட்டும். எந்த ஊராக இருந்தாலும் மேடைக்குக் கீழே பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு நான் உட்கார்ந்திருப்பேன். அது அழுதால் தட்டிக்கொடுப்பேன். அவள் பாடி முடிக்கும்வரை மேலே கொடுக்க மாட்டேன்.

இப்படிக்கு,
உன் தங்கச்சி புருஷன், உன் மகளுக்கு மாமனார்,
பொன்னுசாமி
செம்மேடு