பூட்டு போட்ட துளை

14 மே 1974, செவ்வாய்.

எண்ணெய் விலை ஏறியதிலிருந்து தேசம் தன் காலடியைத் தோண்டிப் பார்க்கிறது. இந்த மாதம் என் உப்பளத்தின் முறை. பழுப்பு நிலக்கரி தேடி வந்த சர்க்கார் ஜீப் இன்றுதான் கிளம்பிப் போனது.

முதல் நாள் ஆய்வு அதிகாரி பூட்ஸ் காலோடு பாத்தியில் இறங்கினார். ஆட்கள் வெறுங்காலால் மிதித்து மிதித்து இறுக்கிய தரை அது. இங்கே யாரும் செருப்போடு இறங்குவதில்லை. இன்று கேட்காமலேயே வரப்பில் பூட்ஸைக் கழற்றினார். சர்க்கார் மரியாதை காட்டினால் எதையோ எடுத்துக்கொள்ளப் போகிறது என்று அர்த்தம்.

"கீழ ஒண்ணுமில்லைங்க, வெறும் களிமண்ணுதான்" என்றார். சொல்லிவிட்டு, அவர் ஆட்கள் பாத்தியில் போட்ட ஆழ்துளையில் இறக்கியிருந்த குழாய்க்கு இரும்பு மூடி போட்டுப் பூட்டினார்.

"ஒண்ணுமில்லாததுக்கு எதுக்குங்க பூட்டு?" என்று கேட்டேன்.

"பசங்க விழுந்துடக் கூடாது பாருங்க."

என் கைகூட நுழையாத துளை அது. ஜீப்பில் ஏறியபின் தலையை நீட்டி, "உங்க குத்தகை எப்ப முடியுதுங்க?" என்றார். டிசம்பரில் என்றேன்; நிலம் சர்க்காருடையது. "சந்தோஷம்" என்றார். யாருக்கு என்று சொல்லவில்லை.

நிலக்கரியால் நாட்டுக்கு வெளிச்சம் வரும் என்பதை நான் மறுக்கவில்லை. அந்த வெளிச்சத்தில் உட்கார்ந்து உப்பில்லாமல் சாப்பிடுவதைத்தான் யோசிக்கிறேன்.

ஜீப் மறைந்ததும் மேஸ்திரி ஏழுமலை வந்தான். "தை பொறந்ததும் பாத்தி மிதிக்க ஆளுங்களுக்குச் சொல்லி வெச்சிடட்டுங்களா?"

"சொல்லி வை" என்றேன். டிசம்பர் தாண்டி வரும் தைக்கு வாக்குக் கொடுப்பதில் எனக்கென்ன செலவு?

அவன் போகவில்லை. என் முகத்தையே பார்த்தபடி நின்றான்.

"எப்பவும் யோசிச்சு சொல்றேன்னுவீங்க. இன்னிக்கு இவ்ளோ சீக்கிரமா சொல்லிட்டீங்களேங்க?"