ஜமக்காளத்தின் மறுமுனை

மே தினக் கிராம சபைக்காக இன்று காலை ஊராட்சி அலுவலக பீரோவைத் திறந்து ஜமக்காளத்தை இழுத்தேன். அந்துருண்டை வாசனையோடு வேர்க்கடலைத் தோலும் உதிர்ந்தது. போன கூட்டத்தில் நீ மடியில் பொட்டலத்தை வைத்துக்கொண்டு தின்ற கடலை. பெருக்கித் தள்ள மனம் வரவில்லை, துடைப்பத்தோடு அப்படியே நின்றுகொண்டிருந்தேன்.

நீ செத்துப்போன பிறகு நடக்கும் முதல் கூட்டம் இது. உன் வார்டு உறுப்பினர் பதவிக்காலம் முடிந்த பிறகும் ஜமக்காளம் விரிக்க நீதான் வருவாய். "பதவி போச்சுன்னா கை போச்சா? அந்தாண்ட முனையப் புடி க்ளார்க்கம்மா" என்பாய். நான் ஊராட்சிச் செயலர். எத்தனை முறை திருத்தியும் உனக்கு நான் க்ளார்க்கம்மாதான். இப்போது அப்படிக் கூப்பிட யாருமில்லை. எல்லோரும் மரியாதையாக மேடம் என்கிறார்கள். எரிச்சலாக இருக்கிறது.

நம் ஊராட்சிக்குள் இரண்டு ஊர் இருக்கிறது என்று நீ அடிக்கடி சொல்வாய். ஒன்று பதிவேட்டில் இருக்கும் ஊர். வயல்காரர்கள் இருக்கும் எங்கள் தெரு, உங்கள் காலனி, வாக்காளர் பட்டியல், எல்லாம் அதில் அடக்கம். மற்றது கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டைக்கு வேலைக்கு வந்து லைன் வீடுகளில் ஒண்டியிருக்கும் ஒடிசா, பீகார் குடும்பங்கள். நிதியும் தண்ணீர்த் தொட்டியும் முதல் ஊரின் தலைக்கணக்குக்குத்தான். இரண்டாவது ஊரின் பெண்கள் இடுப்பில் பிள்ளையும் கையில் குடமுமாகத் தண்டவாளத்தைத் தாண்டிப் போய்த் தண்ணீர் எடுக்கிறார்கள். ரயில் ஊதும்போதெல்லாம் நீ பேச்சை நிறுத்திவிட்டு அந்தப் பக்கம் பார்ப்பாய். லைன் வீடுகளுக்கு ஒரு குழாய் வேண்டும் என்பதைத் தவிர, நீ என்னிடம் எதையும் பிடிவாதமாகக் கேட்டதில்லை.

நீ உறுப்பினரான புதிதில் ஒரு கிராம சபைக்கு ஆள் சேரவில்லை. குறைந்தபட்சம் இத்தனை பேர் இருந்தால்தான் தீர்மானம் செல்லும் என்றேன். "இவ்ளோதானா" என்று கிளம்பிப் போனவள், ஒரு டிராக்டர் நிறைய லைன் வீட்டுப் பெண்களை ஏற்றிக்கொண்டு வந்து இறங்கினாய். முகத்தில் அப்படி ஒரு வெற்றி. நான் பட்டியலைப் பார்த்துவிட்டு, "இவங்க யாருக்கும் இங்க ஓட்டு இல்லம்மே, கணக்குல சேராது" என்றேன்.

"ஓட்டு இல்லன்னா தாகம் எடுக்காதா? இட்டாந்துட்டேன், உக்காரட்டும்."

கூட்டம் தள்ளிப்போனது. வந்தவர்கள் டீ குடித்துவிட்டுத்தான் போனார்கள். அதற்குப் பிறகு ஒவ்வொரு கிராம சபைக்கும் அவர்கள் வந்து ஜமக்காளத்தின் ஓரமாக உட்காருவதும், நீ அவர்களுக்குத் தமிழ் கற்றுக்கொடுப்பதும் வழக்கமாகிவிட்டது. குழாய்த் தீர்மானம் மட்டும் வரவே இல்லை. ஒருமுறை ஆள் இருக்காது, ஒருமுறை வந்த அதிகாரிக்கு அவசரம்.

இந்த முறையும் ஆள் சேராவிட்டால் குழாய்ப் பேச்சு உன்னோடு போய்விடும் என்று பயமாக இருந்தது. அதனால் நேற்று நானே தெருத்தெருவாகப் போனேன். எங்கள் தெருவில் தலையாட்டினார்கள். உங்கள் காலனியில், உன் பக்கத்து வீட்டுக்காரி வாசலிலேயே நிறுத்தினாள்.

"சர்டிபிகேட் வேணும்னா நாங்கதான் உன்னாண்ட வருவோம். நீ எங்க ஊட்டாண்ட வர்றது புச்சா கீதே?"

"அவ இல்லியேம்மா. இனிமே நான்தான் கூப்பிடணும்."

அவள் உள்ளே திரும்பி, நைட் ஷிப்ட் முடித்துவிட்டுத் தூங்கிக்கொண்டிருந்த புருஷனைப் பார்த்து, "நாளிக்கு அக்கா மீட்டிங்காம், தூங்கிக்கினே இருந்துடாதே" என்று குரல் கொடுத்தாள். அவள் சொன்னது உன்னைத்தான். அது உன் கூட்டமாகவே இருக்கட்டும் என்று நானும் திருத்தவில்லை.

வந்தார்கள். அந்தப் புருஷன் லுங்கியோடு வந்து முதல் வரிசையில் உட்கார்ந்துகொண்டே தூங்கினார். ஆனால் கணக்கில் சேர்ந்தார். லைன் வீட்டுப் பெண்கள் வழக்கம்போல் ஓரத்தில் உட்கார்ந்து, நடுவில் உனக்கு இடம் விட்டிருந்தார்கள். குழாய்த் தீர்மானத்தை நான் படித்தபோது யாரும் எதிர்க்கவில்லை. நிறைவேறிவிட்டது. திரும்பி உன் முகத்தைப் பார்க்கப் போனேன். அந்த இடம் காலியாக இருந்தது.

எல்லோரும் போன பிறகு ஜமக்காளம் மட்டும் கிடந்தது. தனியாக மடித்துப் பார்த்தேன். ஒரு முனையைத் தூக்கினால் மறுமுனை தரையில் இழுபட்டது. நாம் மடிக்கும்போது ஆளுக்கொரு பக்கம் பிடித்து உதறிவிட்டு எதிரெதிரே நடந்து வருவோம். முனைகள் சேர்ந்து முகம் கிட்டே வரும்போதுதான், வந்த அதிகாரியைப் பற்றி என் காதில் ஏதாவது சொல்லிச் சிரிக்க வைப்பாய். கூட்டம் நடத்துவதே அதற்காகத்தான் என்று சில நாள் தோன்றியிருக்கிறது. வீட்டிலும் நான் தனி, அலுவலகத்திலும் தனி. அந்தச் சிரிப்பு எனக்கு எவ்வளவு வேண்டியிருந்தது என்று இப்போதுதான் தெரிகிறது.

இழுத்துக்கொண்டிருந்தபோது மறுமுனை தரையை விட்டு எழும்பியது. லைன் வீட்டு சபிதா, பிள்ளையைப் படியில் உட்கார வைத்துவிட்டு வந்து பிடித்திருந்தாள். உதறினோம். எதிரெதிரே நடந்தோம். முகம் கிட்டே வந்ததும் மெதுவாகக் கேட்டாள்.

"இன்னா க்ளார்க்கம்மா, தண்ணி எப்போ வரும்?"

அப்படியே நீ. அந்த இழுப்பும், தலையைச் சாய்க்கிற விதமும்கூட. நீ கேட்டால் "வரும்மே, பொறு" என்று தட்டிக்கழிப்பேன். அவளிடம் அதைச் சொல்ல வாய் வரவில்லை. "திங்கக்கிழமை யூனியன் ஆபீசுக்குப் போறேன். எஸ்டிமேட் கேட்டு வாங்கிக்கினுதான் வருவேன்" என்றேன். உன் பேச்சு எனக்கும் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

"நானும் வரேன்" என்றாள். திங்கட்கிழமை அவளுக்கு வேலை இல்லையாம்.

நீயும் ஒவ்வொரு முறையும் இதைத்தான் சொல்வாய். பஸ்ஸில் ஏறியதும் ஜன்னலோர சீட்டைக் கேட்காமலே எடுத்துக்கொள்வாய். திங்கட்கிழமை அந்த சீட்டை அவளுக்குக் கொடுக்க வேண்டும். கொடுத்துவிடுவேன். கொஞ்சம் கஷ்டமாகத்தான் இருக்கும்.