அபியாவின் அப்பா

14.8.1979, செவ்வாய்

மகள் பிறந்து ஏழு நாள். பிறக்கும் முன்பே மெர்சி பெயரை முடிவு செய்துவிட்டாள்: அபியா. எபிரேயப் பெயராம், ஆணுக்கும் பெண்ணுக்கும் பொருந்துமாம். நானும் தலையாட்டினேன். இன்று பசுமலைக்குப் பிள்ளையைப் பார்க்க வந்த என் அம்மா அர்த்தம் கேட்டாள்.

"கர்த்தர் என் தகப்பன்னு அர்த்தம், அத்தே" என்றாள் மெர்சி.

"குலசாமி பேரைத்தான் விட்டீக, சரி. அப்ப எம்மகன் இந்தப் புள்ளைக்கு யாரு?"

மெர்சி சிரித்தாள். அம்மா கோபித்துக்கொண்டு மேலூர் பஸ் ஏறிவிட்டாள். எனக்குச் சிரிப்பும் வரவில்லை, கோபமும் வரவில்லை. கடவுளோடு போட்டிக்கு நிற்கவா முடியும்? இனி மகளைக் கூப்பிடும்போதெல்லாம் அவள் தகப்பன் கர்த்தர் என்று நானே சொல்லிக்கொண்டிருக்க வேண்டுமா?

மாலையில் பிள்ளை வீறிட்டு அழுதது. மெர்சியிடம் அடங்கவில்லை. என் நெஞ்சில் சாய்த்ததும் அடங்கியது, சட்டையையும் நனைத்தது.

இன்னும் மாற்றவில்லை.