என் இடத்தில் நான் சேர எனக்கு ஆட்சேபணை இல்லை

அனுப்புநர்
அறிவியல் ஆசிரியை (தற்காலிகம்),
அதே பணியிடத்துக்குத் தேர்வாகியுள்ள அறிவியல் ஆசிரியை (நிரந்தரம்),
இருவரும் ஒருவரே,
அரசு நடுநிலைப் பள்ளி.

பெறுநர்
மாவட்டக் கல்வி அலுவலர் அவர்கள்,
மாவட்டக் கல்வி அலுவலகம்.

பொருள்: நிரந்தர ஆசிரியையாகப் பணியில் சேரவிடாமல் என்னை நானே தடுத்துக்கொண்டிருப்பதாகக் கூறப்படுவது – தடையை நீக்கக் கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. நான் இப்பள்ளியில் பல ஆண்டுகளாகத் தற்காலிக அறிவியல் ஆசிரியை. ஆண்டுத் தேர்வு முடிந்ததும் என்னை விடுவித்து, பள்ளி திறந்ததும் புதிதாக நியமிப்பது தங்கள் அலுவலக வழக்கம். பணி தொடர்ச்சியாகிவிட்டால் நான் உரிமை கொண்டாடிவிடுவேனாம். விடுவிக்கப்பட்ட நாட்களிலும் விடைத்தாள் திருத்த என்னைத்தான் கூப்பிடுவார்கள். நானும் போய்த் திருத்திக் கொடுப்பேன்.

2. சென்ற ஆண்டு நியமன ஆணையில், எக்காலத்திலும் நிரந்தரம் கோர மாட்டேன் என்று புதிய நிபந்தனை ஒன்று முளைத்தது. கையெழுத்திட மனம் வராமல் நீதிமன்றம் சென்றேன். வழக்கு முடியும் வரை என்னை விடுவிக்கவோ, என் இடத்தில் இன்னொருவரை அமர்த்தவோ கூடாது என்று இடைக்காலத் தடை கிடைத்தது. வழக்கு எப்போது முடியும் என்று வழக்கறிஞருக்கே தெரியாததால், நிரந்தர ஆசிரியர் தேர்வையும் எழுதி வைத்தேன். தேறியும்விட்டேன். குற்றம் என்றால் இதுதான் என் குற்றம்.

3. கலந்தாய்வில் காலிப் பணியிடப் பட்டியலில் எங்கள் பள்ளியும் இருந்தது. தற்காலிக ஆசிரியர்களைத் தங்கள் அலுவலகம் ஆளாகக் கணக்கில் சேர்ப்பதில்லை. அதனால் நான் பாடம் நடத்திக்கொண்டிருந்த இடம் காலி. ஆசை ஆசையாய் அதையே கேட்டு ஆணை வாங்கினேன். சேரப் போன அன்றோ, இடம் நிரம்பியிருக்கிறது என்றார்கள். நிரப்பியிருப்பவள் நான்.

4. தங்கள் பிரிவு எழுத்தர் மிகுந்த பரிவோடு, "அந்த டெம்பரரி மேடம் ஸ்டே வாங்கி வச்சிருக்காங்க, நாங்க என்ன பண்றது?" என்றார். அந்த மேடம் நான்தான் என்றேன். "நீங்க யாரா வேணா இருங்க மேடம், ஃபைல் ரெண்டு இருக்கே," என்றார். தற்காலிகப் பணியை ராஜினாமா செய்கிறேன் என்றதற்கு, அதை ஏற்பதும் விடுவிப்பதுதான், நீதிமன்ற அவமதிப்பாகிவிடும் என்று கையை விரித்தார். வழக்கைத் திரும்பப் பெறலாம் என்றால் நீதிமன்றம் விடுமுறையில் இருக்கிறது. அது திறப்பதற்குள் சேர்வதற்கான கடைசி நாள் போய்விடும். சேராவிட்டால் ஆணை தானாக ரத்து.

5. பிறகு, இரு தரப்பும் சமரசத்துக்கு வரவேண்டும் என்று தங்கள் அலுவலகத்திலிருந்து எங்கள் வீட்டுக்கு, தரப்புக்கு ஒன்றாக, இரண்டு கடிதங்கள் வந்தன. வாங்கி வைத்த என் மாமியார், "அவகிட்ட நீதான் கொஞ்சம் தழைஞ்சு போகணும்மா, அவ பிடிவாதக்காரி," என்று சிரித்தார். குறித்த நாளில் தங்கள் அலுவலக வராந்தாவில் காத்திருந்தேன். நிரந்தர ஆசிரியை என்று அழைத்தார்கள், எழுந்தேன். தற்காலிக ஆசிரியை என்று அழைத்தபோது ஏற்கெனவே நின்றுகொண்டிருந்தேன். எதிர்த்தரப்பு ஆஜராகவில்லை என்று எழுதி அனுப்பிவிட்டார்கள்.

6. இது தீரும் வரை இரண்டு பேருமே வகுப்புக்குப் போக வேண்டாம் என்று தலைமை ஆசிரியர் சொல்லிவிட்டார். எட்டாம் வகுப்புக் கரும்பலகையில் நான் வரைந்த இதயம் பாதியில் நிற்கிறது. மேலறைகள் முடிந்துவிட்டன, கீழறைகள் இல்லை. பிள்ளைகள் அதை அழிக்க விடுவதில்லை. நேற்று ஒரு மாணவி ஆசிரியர் அறை ஜன்னலில் எட்டிப் பார்த்து, "டீச்சர், நீங்க எப்ப டீச்சர் ஆவீங்க?" என்று கேட்டாள். எனக்கு அழுகை வந்துவிட்டது, ஐயா.

7. ஆகவே, தற்காலிக ஆசிரியையாகிய எனக்கு, நிரந்தர ஆசிரியையாகிய நான் சேர்வதில் எவ்வித ஆட்சேபணையும் இல்லை. எங்களுக்குள் முன்விரோதம் கிடையாது. ஒரே குடையில்தான் பள்ளிக்கு வருகிறோம். அந்தத் தடை எனக்காக நான் வாங்கியது, எனக்கு எதிராக அல்ல என்று தாங்கள் ஒரு வரி எழுதினால் போதும்.

பணியில் சேராதவரின் கையெழுத்து செல்லாது என்று பிரிவு எழுத்தர் கூறியுள்ளதால், நிரந்தர ஆசிரியைக்கான இடத்தைக் கீழே வெறுமையாக விட்டிருக்கிறேன். நாளை மாலை அலுவலகம் மூடுவதற்குள் அதில் நான் கையெழுத்திட வழி செய்யுமாறு பணிந்து கேட்டுக்கொள்கிறேன்.

இடம்: ஆசிரியர் அறை
நாள்: சேர்வதற்கான கடைசி நாளுக்கு முந்தைய நாள்

தங்கள் ஒரு வரிக்குக் காத்திருக்கும்,

(ஒப்பம்)
அறிவியல் ஆசிரியை – தற்காலிகம்

..............................
அறிவியல் ஆசிரியை – நிரந்தரம்