நீ சாகாத ஒரே படம்

அன்பு மாப்பிள்ளை, பிரேசில் தேசத்துத் திரையில் சாவதற்கென்றே அவதரித்த மகாநடிகன் தயாளனுக்கு,

நலமா என்று கேட்க முடியாத இடத்துக்குப் போய்விட்டாய். இங்கே ஆம்பூர் நலம். பாலாற்றில் தண்ணீரைத் தவிர எல்லாம் ஓடுகிறது.

தோல் தரம் பார்க்கிற வேலைக்குத்தானே அங்கே போனாய்? நாடகத்தொடர் எடுக்க அந்தத் தொழிற்சாலைக்கு வந்தவர்கள் உன் மூக்கைப் பார்த்து மயங்கிக் கேமரா முன்னால் நிறுத்தினார்கள். அது என் வம்சத்து மூக்கு. ஆகவே பிரேசில் திரையுலகத்தில் பாதி எனக்குச் சொந்தம். ஆனால் இந்தியன் வந்தால் செத்தாக வேண்டும் என்று அவர்கள் சட்டம் போட்டிருந்தார்கள் போல. சாமியாராக வந்து பாம்பு கடித்துச் செத்தாய். சமையல்காரனாக வந்து விஷம் தின்று செத்தாய். துணி வியாபாரியாக, வாயைத் திறப்பதற்குள் குண்டு பட்டுச் செத்தாய். அவ்வளவு சாவுக்கும் கூலியாகத்தான் குடியுரிமை கொடுத்தார்களா?

ஒவ்வொரு சாவும் வாட்ஸப்பில் வரும். உன் அம்மா, என் அக்கா, உப்பும் மிளகாயும் எடுத்துக் கைப்பேசியைச் சுற்றி அடுப்பில் போடுவாள்.

"அந்த ஊர்ல சாவறதுக்கு வேற ஆளே கெடைக்கலியாடா? எப்பப் பாத்தாலும் எம் புள்ளதானா?"

"சாவறதுக்குத்தான் சம்பளம் தர்றான்க்கா. உயிரோட இருக்கறதுக்கு ஆம்பூர்ல எவன் தர்றான்?"

போன மாதம் அங்கிருந்து உன் நண்பன் ஒரு போட்டோ அனுப்பினான். பெட்டிக்குள் நீ. நெஞ்சில் பூ. கீழே அவர்கள் பாஷையில் ஏதோ இரண்டு வரி. அக்கா வழக்கம்போல உப்பு மிளகாய் சுற்றினாள்.

"இந்தத் தடவ மேக்கப் ஜாஸ்திடா. ரொம்ப வெளுத்துக் கீறான்."

மிளகாய் வெடித்தது, நெடி வரவில்லை. கண்ணேறு பெரிசு, அத்தனையும் கழிந்தது என்று நிம்மதியாகக் கை கழுவினாள். அப்புறம்தான் அந்த நண்பன் போன் பண்ணினான். நெஞ்சுவலி. அங்கேயே அடக்கமும் செய்துவிட்டார்கள்.

அக்கா இன்னும் பாதிதான் நம்புகிறாள். "நீ பாத்தியா? நானும் பாக்கல," என்கிறாள்.

நீயே எழுதி, எடுத்து, நடித்த அந்த ஒரு படம். நம்மூர்த் தோல் கழிவுத் தொட்டியில் இறக்கிவிடப்பட்டவன் உயிரோடு ஏறி வருகிற கதை. வெளிநாட்டில் எழுந்து நின்று கைதட்டினார்கள் என்றாய். அந்தச் சத்தத்தில் வேலூர்க் கோட்டை அகழியில் அலை அடித்ததாக நான் ஊரெல்லாம் சொன்னேன். நம்மூர் தியேட்டரில் போஸ்டரும் ஒட்டினார்கள். அதற்கென்றே நீ ஊருக்கு வந்தாய். அம்மாவையும் கூட்டிக்கொண்டு காட்சிக்குப் போனால், புரொஜக்டர் ரிப்பேர். அதே புரொஜக்டரில் மதியம் வேறு படம் ஓடியிருந்தது. தோல் தொழிற்சாலை முதலாளி ஒருவரின் போன் வந்ததாக மேனேஜர் என் காதில் சொன்னான்.

பட்டுச்சேலையில் நின்ற அம்மாவைப் பார்த்துவிட்டு, படம் இருந்த பென் டிரைவை என் கையில் திணித்தாய்.

"மாமா, இத அம்மா போன்ல பாக்கக் கூடாது. பெரிய தெரைல நான் உயிரோட நடந்து வர்றதப் பாக்கணும். அதுவரைக்கும் காட்டாத."

நேற்று உனக்குப் படத்திறப்பு. திறந்து வைத்தவர் அதே முதலாளி. உன் முகத்தைவிடப் பெரிதாகத் தன் முகத்தை ஃப்ளெக்ஸில் போட்டுக்கொண்டு, மண்ணின் மைந்தன் என்று கண்ணைத் துடைத்தார். அந்தக் கைக்குட்டையில் ஈரம் தேட நாசாவிலிருந்துதான் ஆள் வர வேண்டும். மேடையை விட்டுக் கீழே இறங்கியதும் பிடித்துக்கொண்டேன்.

"இவ்ளோ பாசம் கீதே, அந்தப் படத்த ஒரு ஷோ போட விடுங்க."

"அதான் போய்ட்டாரேப்பா. இன்னும் எதுக்கு அந்தப் பேஜாரு?"

செத்த உன்னை எல்லோருக்கும் பிடிக்கிறது. பிரேசிலுக்கும் ஆம்பூருக்கும் இதில் மட்டும் அப்படி ஒரு ஒற்றுமை.

இன்று அக்கா கேட்டாள்: "அந்தப் படத்துலயாவது உசிரோட கீறானாடா?" கீறான்க்கா, என்றேன்.

வருகிற ஞாயிறு, பொழுது சாய்ந்ததும், நம் தெருமுனைச் சுவரில் உன் படம். சுவருக்குச் சுண்ணாம்பு அடித்தாகிவிட்டது. எவன் போன் பண்ணினாலும் ஓடும். இது என் சத்தியம், இதில் மிகை இல்லை. அக்காவுக்கு முதல் வரிசை நாற்காலி. உப்பும் மிளகாயும் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். கடைசியில் தொட்டியிலிருந்து நீ ஏறி வருவாய். அவள் எழுந்து சுவரண்டை போவாள். நான் தடுக்க மாட்டேன்.

உன் மூக்குக்குச் சொந்தக்காரன்,
தாய்மாமன்